அரியணையில் ஒரு கோமாளி: ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’ பற்றிய ஒரு நோக்கு

தமிழ்த் திரைப்பட வரலாற்றிலே ‘ராஜா ராணிப் படங்கள்’ எனப் பொதுவழக்கிற் குறிக்கப்படும் வகைக்குத் தனியிடம் உண்டு. வாட்போரும் மாறுவேடமும் அரண்மனைச் சதியும் இவற்றின் பொதுக்கூறுகளாகும். இவ்வகையின் ஊற்றுகளுள் மேனாட்டுச் சாகசக் கதைகளும் அடங்கும். டூமாவின் இரும்பு முகமூடிக் கதையே பி. யு. சின்னப்பா நடித்த ‘உத்தமபுத்திரன்’ (1940) படத்திற்கும், சிவாஜி கணேசன் நடித்த அதே பெயரிலான 1958ஆம் ஆண்டுப் படத்திற்கும் அடிப்படையாயிற்று. அவ்வாண்டிலேயே, கண்டியைச் சேர்ந்த நாவலப்பிட்டியிற் பிறந்த எம்.ஜி.ஆர். ‘நாடோடி மன்னன்’ படத்தைத் தாமே இயக்கி வெளியிட்டார். மலையகத் தோட்டப்புறங்களில் இப்படங்களின் நாயகர்கள் பெற்ற செல்வாக்கு நாம் அறிந்ததே.

இவ்வகையைத் தலைகீழாக்கி நகையாடிய படைப்பாக, சிம்புதேவன் இயக்கத்தில் 2006இல் வெளிவந்த ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’ அமைகின்றது. ஆங்கிலத்தில் டானி கே நடித்த ‘தி கோர்ட் ஜெஸ்டர்’ (1955) ராபின் ஹூட் வகைச் சாகசங்களை எள்ளியது போல, இதுவும் தன் முன்னோடிகளின் கட்டமைப்பைக் கடன்பெற்றே அவற்றை எள்ளுகின்றது. இரட்டையர் பிறக்கின்றனர், சூழ்ச்சிக்கார மாமன் மந்தபுத்தியுள்ளவனை மட்டும் அரண்மனையில் வளர்க்கின்றான், மற்றவன் மக்களிடையே வளர்கின்றான். 1958ஆம் ஆண்டுப் படத்தில் எம். என். நம்பியார் ஏற்ற மாமன் பாத்திரமே இங்கு நாசரின் சங்கிலிமாயனாக மீள்வருகின்றது. இரட்டையர் இருவராகவும் வடிவேலு நடித்துள்ளார்.

இப்படத்தின் அங்கதம் எவ்விடத்திற் கூர்மை பெறுகின்றது என்பதே நமது முதல் வினா. புலிகேசி தன் தலையை ஒரு மல்லனின் உடலிற் பொருத்தி ஓவியம் தீட்டுவிக்கின்றான்; வருங்காலம் தன்னை அவ்வாறே அறியவேண்டுமென விரும்புகின்றான். மெய்க்கீர்த்திகளை அப்படியே வரலாறாகக் கொள்ளும் நமது மரபின்மீது விழுந்த அடியாகவே இக்காட்சியைக் கொள்ளல் வேண்டும். சாதிச் சண்டைக்கென மைதானம் திறக்கப்படுவதும், ‘அக்காமாலா’, ‘கப்சி’ என்னும் பானங்கள் அரச ஆதரவோடு விற்பனைக்கு வருவதும், பதினெட்டாம் நூற்றாண்டுப் போர்வையில் இன்றைய ஆட்சியையே சுட்டுகின்றன.

கூத்து மரபிலே கோமாளிக்கு அரசனை எள்ளும் உரிமை உண்டு. ஆயினும் அவன் அரியணையில் அமர்வதில்லை. அதுவரை நாயகனுக்குத் துணையாக நின்று அடிவாங்கிய மதுரைப் பேச்சுவழக்கு நடிகர் ஒருவர் முடிசூடி அமர்வது இம்மரபின் எல்லையைக் கடப்பதாகும். எனினும் இதில் ஓர் ஐயமும் எழுகின்றது. நாம் சிரிப்பது அரசனைப் பார்த்தா, அன்றி அரச வேடம் பொருந்தாத ஒரு நாட்டுப்புறத்தானைப் பார்த்தா? படம் இவ்விரண்டையும் தெளிவாகப் பிரித்துக் காட்டவில்லை. சில இடங்களிற் சிரிப்பு மேலிருந்து கீழ்நோக்கியே பாய்கின்றது.

கலஹாவிலிருந்து நோக்கும்போது இப்படத்தில் வேறொரு பொருளும் புலனாகின்றது. இதனையடுத்த லூல்கந்துரவிலேயே ஜேம்ஸ் டெய்லர் 1867இல் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டார். அதன்பின் வளர்ந்த தோட்டம் ஒவ்வொன்றும் ஒரு சிற்றரசு போன்றே இயங்கியது. மேலே துரை, அவருக்குக் கீழே பெரிய கங்காணி. வெள்ளையருக்குப் பணிந்து தன் குடிகளிடம் சீறும் புலிகேசி, தோட்டத்து மக்களுக்குப் புதியவன் அல்லன். ஆளைத் திரட்டி வந்து, கடனிற் பிணித்து, துரையின் முன் தலைப்பாகையைக் கழற்றி நின்ற கங்காணியின் சாயலை அவனிடம் காணலாம். அரசனை வீரனாகவே காட்டிய பழைய படங்கள் மறைத்த இடைத்தரகனை இவ்வங்கதம் வெளிக்கொணர்ந்தது. இதுவே அதன் தலையாய சாதனை எனலாம்.

ஆனால் தீர்வு என வரும்போது படம் தன் முன்னோடிகளிடமே சரணடைகின்றது. தீய அரசனின் இடத்தில் நல்ல அரசன் அமர்கின்றான். அவனும் அதே குருதியினன். பின்னர் புலிகேசியும் திருந்துகின்றான். குடிகளோ வரவேற்று வாழ்த்தும் கூட்டமாகவே எஞ்சுகின்றனர். முடியைச் சிரிப்புக்கிடமாக்கிய படம், முடி என்னும் நிறுவனத்தைக் கேள்விக்குட்படுத்தவில்லை.

மலையக வரலாறு இவ்வாறு நிகழவில்லை என்பது மனங்கொள்ளத்தக்கது. கடனைக் காட்டித் தொழிலாளரைக் கைமாற்றிய துண்டு முறை 1921இற் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது, ஒரு நல்ல கங்காணி தோன்றியதால் அன்று. கோ. நடேசையர் 1931இல் தோட்டத் தொழிலாளர்க்கெனச் சங்கம் அமைத்ததும், கங்காணிகளைத் திருத்தும் நோக்கிலன்று. தொழிலாளர் தம் சொந்தக் குரலிற் பேசவேண்டும் என்பதற்காகவே.

எனவே இப்படத்தை வெறும் கேளிக்கையெனத் தள்ளுவதும், புரட்சிப் படைப்பெனப் போற்றுவதும் ஒருங்கே பொருந்தாதனவாம். அது அதிகாரத்தின் அச்சத்தைப் போக்குகின்றது, அப்பணி சிறிதன்று. ஆயினும் அச்சம் நீங்கியோர் அடுத்துச் செய்யவேண்டியதை அது நல்ல இரட்டையனிடம் ஒப்படைத்துவிடுகின்றது. குடிகளே கதைமாந்தராகும் அங்கதம் தமிழ்த் திரையில் இனித்தான் ஆழமாக வேரூன்ற வேண்டியுள்ளது.