நின்ற கடிகாரமும் கொதிக்கும் உலையும்

காலத்தை நிறுத்துவது கதாசிரியனுக்கு மிகச் சுலபமான காரியம். ஒரு வாக்கியம் எழுதினால் நின்றுவிடும். நின்ற பிறகு என்ன என்பதுதான் தொல்லை பிடித்த விஷயம். அந்தத் தொல்லையைப் பட்டுக்கொள்ளாத கதைகளில் எனக்கு நம்பிக்கை இல்லை.

2016-ல் வெளிவந்த '24' என்ற தமிழ்ப் படத்தை வாசகர்களில் பலர் பார்த்திருப்பீர்கள். விக்ரம் குமார் டைரக்ட் செய்தது. சூர்யாவுக்கு மூன்று வேஷம். சேதுராமன் என்ற விஞ்ஞானி ஒரு கைக்கடிகாரம் செய்கிறார். அது கட்டிக்கொண்டவனைக் காலத்தில் தள்ளிக்கொண்டு போகும். வேண்டுமானால் உலகத்தைச் சில விநாடி அப்படியே நிறுத்தியும் வைக்கும். மழைத்துளிகள் அந்தரத்தில் நிற்க, கதாநாயகன் ஒன்றை விரலால் தொட்டுப் பார்க்கிறான். அழகான காட்சிதான். படத்தின் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருதும் கிடைத்தது.

அந்தக் கடிகாரம் மணி என்ற இளைஞனிடம் வந்து சேருகிறது. அவனுக்குத் தொழில் கடிகாரம் ரிப்பேர் செய்வது. இதைக் கண்டதும் எனக்கு நாவில் ஜலம் ஊறிற்று. நின்றதை ஓட்டிப் பிழைக்கிறவன் கையில், ஓடுவதை நிறுத்தும் சாமான்! ஒரு நாவலாசிரியனுக்கு இதைவிட வேறென்ன வேண்டும்? படமோ அந்தக் கதவைத் தட்டிக்கூடப் பார்க்கவில்லை. சத்யா என்ற பெண்ணின் மனத்தைப் பிடிக்கத்தான் மணிக்குக் கடிகாரம் பயன்படுகிறது. நடந்ததைத் திருப்பித் தனக்குச் சாதகமாக மறுபடி நடத்திக்கொள்கிறான். கொட்டகையில் சிரிக்கிறார்கள். அந்தப் பெண்ணின் பக்கம் நின்று ஒரு நிமிஷம் யோசித்தால் சிரிப்பு வரவில்லை. தன்னிடமிருந்து ஒரு பொழுது எடுக்கப்பட்டது என்பதே அவளுக்குத் தெரியாது. எதிராளியின் சீட்டைப் பார்த்துவிட்டு ஆடுவதற்குக் காதல் என்று பெயர் வைக்க எனக்கு மனம் வரவில்லை.

வெல்ஸ் இந்த விஷயத்தில் கொஞ்சம் யோக்கியமாக நடந்துகொண்டார். 1901-ல் அவர் எழுதிய 'தி நியூ ஆக்ஸலரேட்டர்' கதையில் யந்திரம் இல்லை, மருந்து. குடித்தவனுடைய வேகம் ஆயிரக்கணக்கான மடங்கு ஏறிவிடுவதால், மற்றவர்கள் சிலையாகத் தெரிகிறார்கள். ஃபோக்ஸ்டன் என்ற கடற்கரை ஊரில் பாண்டு வாத்தியக்காரர்கள் வாசித்தபடியே உறைந்து நிற்கிறார்கள். புரொபஸர், தமக்குப் பிடிக்காத ஒரு நாய்க்குட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறார். ஆனால் அந்த வேகத்தின் உராய்வில் அவர்களுடைய துணியே கருக ஆரம்பிக்கிறது. அதாவது, உலகத்தை நிறுத்தியவனுக்குச் சுடுகிறது. இதை வைத்துக்கொண்டு யாராவது குற்றம் செய்தால் என்ற கேள்வியும் கதைக் கடைசியில் வருகிறது. அது சட்டம் படித்தவர்கள் பாடு, நாங்கள் விற்கத்தான் போகிறோம் என்று முடித்துவிடுகிறார்கள். வெல்ஸின் விஷமம் அது. அந்தச் சில வரிகளில் ஒரு சமூகமே எட்டிப் பார்க்கிறது. '24'-ல் அந்தச் சமூகத்தைத்தான் காணோம். கடிகாரம் ஒரு குடும்பத்துச் சண்டை. போலீசுக்கோ கோர்ட்டுக்கோ பாங்கிக்கோ அதைப் பற்றிக் கவலை கிடையாது.

நான் குடியிருப்பது திருவண்ணாமலையில், ரமணாசிரமத்துக்குப் பக்கத்தில். "இங்கே வந்தால் நேரமே நின்றுவிடுகிறது ஸார்" என்று வெளியூர்க்காரர்கள் செங்கம் ரோட்டில் சொல்லக் கேட்டுக்கொண்டே இருக்கிறேன். அவர்கள் அனுபவம் பொய் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் உள்ளே சமையற்கட்டில் ஒருவர் உலையைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். 11.30-க்குச் சாப்பாட்டு மணி அடித்தாகவேண்டும். நேரம் நின்றவர்களும் அந்த மணிக்கு எழுந்துதான் வருகிறார்கள்.

காலத்தை நிறுத்தும் நிஜமான யந்திரம் இந்த ஆசிரமத்துக்கு வந்ததுண்டு. அதற்குக் காமிரா என்று பெயர். 1950 ஏப்ரலில் பிரெஞ்சுக்காரரான ஆன்ரி கார்த்தியே-பிரெஸ்ஸோன் இங்கே இருந்தார். நோயில் தளர்ந்துவிட்ட ரமணரைக் கடைசி நாட்களில் படம் எடுத்தார். ஏப்ரல் 14 இரவு வானத்தில் ஓர் ஒளி நகர்வதைக் கண்டதும் கடிகாரத்தைப் பார்த்ததாகவும், மணி 8.47 என்றும் அவர் சொல்லியிருக்கிறார். ரமணர் மறைந்த நேரம் அது. நொடியைப் பிடித்து வைப்பதே தொழிலாகக் கொண்டவர் அப்போது கடிகாரத்தைத் தேடினார், பாருங்கள். அவர் எடுத்த படத்தில் நின்றுபோனவர் பொம்மையாகிவிடவில்லை; வலியும் வயசும் உள்ள மனிதராகவே இருக்கிறார். சினிமாக் கடிகாரம் நிறுத்தும் ஜனங்களுக்கு அந்தப் பாக்கியம் இல்லை.

நம் பாட்டிமார் சொன்ன நளாயினி கதையை எடுத்துக்கொள்ளுங்கள். குஷ்டரோகியான புருஷனைக் கூடையில் சுமந்துகொண்டு இருட்டில் போகிறாள். கழுவிலிருந்த மாண்டவ்யர்மேல் இடித்துவிடுகிறது. விடிந்தால் உன் புருஷன் சாவான் என்று அவர் சபிக்க, அப்படியானால் விடியவே வேண்டாம் என்கிறாள் அவள். விடியவில்லை. இங்கே யாரும் சிலையாகவில்லை. உலகமே விழித்துக்கொண்டு இருட்டில் உட்கார்ந்திருக்கிறது. மார்க்கண்டேய புராணத்தில் இந்தப் பதிவிரதைக்கு நளாயினி என்று பெயர் இல்லை, ஆனால் சங்கதி இதேதான். பகல் இல்லாததால் யாகம் நடக்கவில்லை. யாகம் இல்லாததால் தேவர்களுக்கு அவிர்பாகம் இல்லை. அப்புறம் மழைக்கு எங்கே போவது? தேவர்கள் நடுங்கிப்போய் அனசூயையிடம் ஓடுகிறார்கள். அவள் போய், சூரியன் வரட்டும், உன் புருஷனை நான் பிழைக்க வைக்கிறேன் என்று பேசி முடிக்கிறாள். கூடையில் சுமக்கும் அந்தப் பதிவிரதா தர்மத்தோடு எனக்கு வேறு சண்டை உண்டு. அதை இன்னொரு நாள் வைத்துக்கொள்ளலாம். ஒருத்தி பொழுதை நிறுத்தினால் அதற்குள் எத்தனை பேருடைய அடுப்பு அணையும் என்று கதை சொன்னவன் எண்ணிப் பார்த்திருக்கிறான்.

மணியின் கடை வாசலுக்கு அப்படி முறையிட்டுக்கொண்டு ஒருவரும் வரவில்லை. ஆத்ரேயன் ஒருவன் வருகிறான், வாஸ்தவம். 26 வருஷம் நினைவில்லாமல் கிடந்து எழுந்து, சக்கர நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு, போன வாலிபத்தைத் திருப்பிக் கொடு என்கிற வில்லன். கேட்கும் வழி அக்கிரமமானது. கேட்கும் பொருள் அற்பமானதல்ல. இத்தனை பெரிய படத்தில் காலத்திடம் நிஜமாக அடிபட்டவனாக எனக்குத் தோன்றியது அவன்தான். மூன்று வேஷத்தில் சூர்யா அந்த வேஷத்தில்தான் நன்றாக நடித்தார் என்பது என் அபிப்பிராயம்.