வாளும் தண்டமும் தயக்கமும்: கற்பனைப் பாத்திரமேற்பு விளையாட்டுகளில் பகைக்கும் காவலர்

முன்னுரை

கணினி விளையாட்டு இன்று கதை சொல்லும் வடிவங்களுள் ஒன்றாக நிலைபெற்றுவிட்டது. புலம்பெயர் நாடுகளில் வளரும் தமிழ் இளையோர் பலர் நாவலைச் சந்திக்கும் முன்பே இவ்வடிவத்தைச் சந்திக்கின்றனர். ஆயினும் தமிழ்த் திறனாய்வு இதனைப் பொழுதுபோக்கு என்று ஒதுக்கியோ, கெடுதல் என்று கண்டித்தோ கடந்து சென்றுள்ளதே மிகுதி. ஒரு பனுவலை வாசிப்பது போல விளையாட்டை வாசிக்க இயலுமா என்னும் வினாவுக்குப் பொதுநிலையில் விடை தேடுவதினும், ஒரு சிறு கூற்றை எடுத்துக்கொண்டு நுணுகிப் பார்ப்பது பயனுடையது. இக்கட்டுரை எடுத்துக்கொள்ளும் கூறு, கற்பனை உலகப் பாத்திரமேற்பு விளையாட்டுகளில் ஆட்டக்காரர் மீது பகைகொள்ளும் நகரக் காவலர். அமெரிக்காவின் பெதஸ்தா நிறுவனத்தார் வெளியிட்ட ‘எல்டர் ஸ்க்ரோல்ஸ்’ வரிசையின் மூன்று ஆட்டங்களும் (மாரோவிண்ட், 2002, ஒப்லிவியன், 2006, ஸ்கைரிம், 2011), ஜெர்மனியின் பிரானா பைட்ஸ் நிறுவனத்தார் உருவாக்கிய ‘கோதிக்’ (2001), ‘கோதிக் 2’ (2002) ஆகியனவும் ஆய்வுக்களமாகின்றன.

கற்பனை உலகில் அரசன் அரிதாகவே காணப்படுவான். சட்டநூலை எவரும் படிப்பதில்லை. அவ்வுலகின் நீதி எத்தகையது என்பதை ஆட்டக்காரர் அறிந்துகொள்வது காவலன் வாளை உருவும் கணத்தில்தான். எனவே, பகைத்த காவலனிடமிருந்து மீள ஆட்டம் எவ்வழிகளைத் திறக்கிறது, எவற்றை அடைக்கிறது என்பதே அவ்வாட்டத்தின் நீதிக்கொள்கை எனக் கொள்ளலாம்.

எண்ணாகச் சுருங்கும் குற்றம்

எல்டர் ஸ்க்ரோல்ஸ் வரிசையில் குற்றம் ஓர் எண். ஸ்கைரிமில் அத்துமீறி நுழைந்தால் 5 பொற்காசு, தாக்கினால் 40, கொன்றால் 1000 என ஆட்டக்காரர் தலைமேல் தண்டத்தொகை ஏறும். தமிழில் ‘தண்டம்’ என்னும் சொல் கோலையும், தண்டனையையும், அபராதத்தையும் ஒருங்கே குறிப்பது. இவ்வாட்டங்களிலும் அம்மூன்றும் ஒரே புள்ளியில் கூடுகின்றன. காவலன் வழிமறித்ததும் தொகையைக் கட்டலாம், சிறைக்குச் செல்லலாம், எதிர்த்து நிற்கலாம். முதலிரு வழிகளில் எதை ஏற்றாலும் கணக்குத் தீர்ந்துவிடும். திருடிய பொருள் பறிமுதலாகும். சிறையிலிருந்தால் திறன் குன்றும், அல்லது அதன் வளர்ச்சி இழக்கப்படும். கொலையுண்டவனின் சுற்றத்தார் இக்கணக்கில் எங்கும் இடம்பெறுவதில்லை.

எண்ணுக்கும் ஓர் எல்லை உண்டு. மாரோவிண்டில் தண்டத்தொகை 5000-ஐ எட்டினால் காவலர் பேசுவதில்லை, கண்டவிடத்துத் தாக்குவர். அதாவது சொல் முடிந்து வாள் தொடங்கும் இடம் முன்கூட்டியே குறிக்கப்பட்டுள்ளது. மாரோவிண்டில் ஒரு தீவு முழுமைக்கும் ஒரே கணக்கு. ஸ்கைரிமில் ஒன்பது ஆட்சிப் பகுதிகளுக்கும் தனித்தனிக் கணக்கு. ஒன்றில் கொலைகாரன் அடுத்ததில் நன்மகனாக நடமாடலாம். ஸ்கைரிமில் இன்னொரு விதியும் உண்டு. குற்றத்தைக் கண்ட கடைசிச் சாட்சியையும் கொன்றுவிட்டால் தண்டத்தொகை நீங்கிவிடுகிறது. கொலையை மறைக்கக் கொலையே துணையாவது நெடுங்கதைகளில் புதிதன்று. ஆனால் அங்கு அது மனச்சுமையாகத் தொடரும். இங்கோ அது நிலுவை தீர்ந்ததற்கான அறிவிப்பாகத் திரையில் தோன்றி மறைகிறது. ஆட்டத்தின் நீதி எவ்வளவு மெலிந்தது என்பதை இவ்வறிவிப்பினும் தெளிவாக வேறெதுவும் காட்டாது.

எண்ணுக்குள் அடங்காத ஒரு குற்றத்தை மாரோவிண்ட் அறியும். விவெக் நகரில் கோயிலுக்குக் காவல் புரியும் ‘ஆர்டினேட்டர்’ எனப்படுவோரின் கவசத்தை அயலான் ஒருவன் அணிந்து அவர்களோடு பேச நேர்ந்தால், அவர்கள் வாளெடுப்பர். பொன் கட்டி இப்பகையைத் தீர்க்க இயலாது. இது திருட்டன்று; திருநிலை இழுக்கு. ஒரே உலகில் விலையுள்ள குற்றமும் விலையற்ற குற்றமும் அருகருகே நிற்பதால்தான், அடுத்து வந்த இரு ஆட்டங்களிலும் மாரோவிண்டின் காவலர் மிகுந்த உயிர்ப்புடன் தோன்றுகின்றனர்.

வாள் உருவப்பட்ட பின்

சண்டை தொடங்கிய பின்னர்ப் பகையைத் தணிக்கும் வழிகள் தனித்து நோக்கத்தக்கவை. முதலாவது மந்திரம். அமைதிப்படுத்தும் மந்திரத்தால் காவலனின் சினத்தைச் சிறிது நேரம் அடக்கலாம். ஸ்கைரிமில் இதன் எளிய வடிவம் 30 நொடி நீடிக்கும். வலிமை மிக்க எதிரியிடம் பலிக்காது. தண்டத்தொகையைக் குறைக்கவும் செய்யாது. மந்திரம் காவலனின் உள்ளத்தை மாற்றுவதில்லை. பேச்சுக்கோ ஓட்டத்துக்கோ ஓர் இடைவெளியை மட்டும் தருகிறது.

இரண்டாவது செல்வாக்கு. ஸ்கைரிமில் ஆட்சிப் பகுதியின் தலைவர் வழங்கும் ‘தேன்’ என்னும் பட்டம் பெற்றவர் தம் நிலையைச் சுட்டிச் சிறு குற்றத்திலிருந்து தப்பலாம். திருடர் குழுவைச் சேர்ந்தவர் கையூட்டுத் தரலாம். பட்டமும் கையூட்டும் உரையாடல் பட்டியலில் ஒரே வரிசையில் அமைவதை ஆட்டத்தின் எள்ளல் என்பதா, அறியாமை என்பதா என்று உறுதியாகச் சொல்ல இயலவில்லை.

மூன்றாவது பணிதல். ஒப்லிவியனில் தடுக்கும் பொத்தானை அழுத்தியவாறே எதிரியை நோக்கிச் சரணடைவதைத் தெரிவிக்கலாம். ஸ்கைரிமில் வாளை உறையிலிட்டு நின்றால், காவலன் சில வேளை தானும் நின்று கைது செய்யும் உரையைத் தொடங்குவான். இம்மூன்றனுள் இதுவே சிறந்தது. வாளை உறையிலிடுதல் என்பது சொல் அல்ல, செய்கை; அடுத்த அடியில் உயிர் போகக்கூடும் என்னும் நிலையில் செய்யப்படுவது. ஆயினும் அது எப்போதும் பலிப்பதில்லை. காவலன் ஏன் ஒருமுறை நின்றான், மறுமுறை ஏன் வெட்டினான் என்பதற்கு ஆட்டம் காரணம் காட்டுவதில்லை. காவலன் தயங்கினான் என்று ஆட்டக்காரர் எண்ணிக்கொள்ளலாம். தயக்கம் அவன் முகத்தில் இல்லை. ஸ்கைரிம் காவலரின் முகத்தைத் தலைக்கவசம் மறைத்திருப்பதும் இதற்குப் பொருந்தியே அமைகிறது. முழங்காலில் அம்பு தைத்ததால் வீரவாழ்வைக் கைவிட்டதாக அவர்கள் சொல்லும் கூற்று உலகெங்கும் நகைச்சுவையாகப் பரவியது. பலருக்கும் ஒரே வாழ்க்கை வரலாறு வாய்த்தமையே அந்நகைப்புக்குக் காரணம். தனி வாழ்வு இல்லாதவனிடம் தயக்கத்தை எதிர்பார்க்க முடியாது.

நான்காவதாக, ஆட்டத்திற்கு வெளியே ஒரு வழி உண்டு: முன்பு சேமித்த நிலைக்குத் திரும்பிக் குற்றமே நிகழாததாக்குவது. இது ஆட்டக்காரரின் நினைவில் மட்டும் எஞ்சும் குற்றம். விளைவைச் சுமக்கச் செய்யாத நீதி, ஆட்டக்காரரை அவ்வழிக்கே தள்ளுகிறது.

அடித்து விடும் காவலன்

கோதிக்கின் களம் மந்திரத் தடுப்பால் அடைக்கப்பட்ட ஒரு சிறைக் குடியிருப்பு. அங்குக் கைதிகளே கைதிகளை ஆள்கின்றனர். பழைய முகாமுக்குள் நுழையும் புதியவனிடம் பிளட்வின் என்னும் காவலன் பாதுகாப்புப் பணமாக 10 தாதுக்கட்டிகள் கேட்கிறான். கொடுத்தால் ஒரு விளைவு. மறுத்தால் அடியாள் வந்து சேர்வான். இங்குச் சட்டம் என்ற போர்வை இல்லை. காவலுக்கும் கொள்ளைக்கும் இடையிலான கோடு மெல்லியது என்பதை ஆட்டம் தொடக்கத்திலேயே ஒப்புக்கொள்கிறது.

ஆனால் இங்குத்தான் ஒரு மனிதத்தன்மையும் உள்ளது. கோதிக் காவலன் ஆயுதத்தை உறையிலிடுமாறு முதலில் எச்சரிக்கிறான். சண்டையில் தோற்றவனைப் பெரும்பாலும் கொல்வதில்லை. வீழ்த்தி, கைப்பொருளைப் பறித்து, அத்துடன் விடுகிறான். வீழ்ந்தவன் எழுந்து மீண்டும் அவனிடமே பேசலாம். தோல்வி கதையின் முடிவாகாமல் கதையின் ஒரு நிகழ்ச்சியாகிறது. கோதிக் 2-இல் கோரினிஸ் நகர வாயிற்காவலரைக் கடக்கப் பணம் தரலாம்; உழவர் உடையில் பண்ணையாளாக நடிக்கலாம்; மருந்து செய்வோனுக்கு மூலிகை கொண்டுவந்ததாகக் கூறலாம். நகருக்குள் குற்றம் செய்தால் காவற்படைத் தலைவர் லார்ட் ஆண்ட்ரேயிடம் நேரில் சென்று தண்டம் செலுத்த வேண்டும். பணம் அங்கும் பணமே. ஆயினும் அதை ஒரு முகத்தின் முன் நின்று கொடுக்க வேண்டியிருக்கிறது.

காவலனே பொய் சொல்லும்போது

ஸ்கைரிமின் மார்க்கார்த் நகரக் கதை, அவ்வாட்டம் தன் நீதியைத் தானே ஐயுறும் இடம். சந்தையில் நிகழும் ஒரு தாக்குதலின் பின்னணியை ஆராயும் ஆட்டக்காரர், தமக்கு அப்பணியைத் தந்த எல்ட்ரிஸ் என்பவரைக் காண டாலோஸ் வழிபாட்டிடத்துக்குத் திரும்புகிறார். எல்ட்ரிஸ் கொல்லப்பட்டுக் கிடக்கிறார். காத்திருந்த காவலர் அக்கொலைப் பழியை ஆட்டக்காரர் மேல் சுமத்தி, சில்வர்-பிளட் குடும்பத்துக்குரிய சித்னா சுரங்கச் சிறைக்கு அனுப்புகின்றனர். இதுவரை தண்டத்தொகை செய்த செயலுக்கு ஏறியது. இங்குச் செய்யாத செயலுக்குச் சிறை. எண் பொய்யுரைக்கும் என்பதை ஆட்டக்காரர் முதன்முறையாக உணர்கிறார்.

எனினும் விடுதலை எவ்வாறு வருகிறது? சிறைக்குள் இருக்கும் மடனாக் என்னும் கிளர்ச்சித் தலைவனோடு சேர்ந்து தப்பலாம்; அல்லது அவனைக் கொன்று, சதியின் பின்னிருந்த தோனார் சில்வர்-பிளட்டின் கையாலேயே மன்னிப்பும் மோதிரமும் பெறலாம். குற்றமற்றவருக்குக் குற்றவாளி மன்னிப்பு வழங்குகிறான். ‘தவறிழைத்தோம்’ என்று நகரம் ஒப்புவதில்லை.

ஒப்லிவியனில் இதற்கு மாற்று ஒன்று உண்டு. தலைநகரின் காவல் தலைவன் ஆடென்ஸ் அவிடியஸ் வணிகரிடம் பணம் பறிக்கிறான். ஆட்டக்காரர் பாதிக்கப்பட்டவர்களைச் சாட்சி சொல்ல இணங்கவைத்து, நேர்மையான வேறொரு காவலனைக் கொண்டு அவனைக் கைது செய்விக்கலாம். முறையீடு செவிமடுக்கப்படும் அரிய இடம் இது. காவலருள்ளும் வேறுபட்ட மனிதர் உண்டு என்று காட்டுவதாலேயே இச்சிறு பணி நினைவில் நிற்கிறது.

சிலப்பதிகாரக் காவலர்

தமிழ் வாசகர்க்கு இவ்விடத்தில் கொலைக்களக் காதை நினைவுக்கு வருதல் இயல்பே. அரசனின் விரைந்த ஆணையுடன் வந்த காவலர் கோவலனைக் கண்டதும், இவன் கள்வன் அல்லன் என ஐயுறுகின்றனர். பொற்கொல்லன் கள்வர்க்குத் துணையாவன எட்டு எனக் கூறி அவர்தம் ஐயத்தைக் கலைக்கிறான். மந்திரம், மருந்து, கருவி முதலியன அடங்கிய அப்பட்டியல், இன்றைய விளையாட்டுகளின் திருடர் பாத்திரத்துக்குத் தரப்படும் மறைவு மந்திரம், மருந்துக் குப்பி, பூட்டுத்திறப்பான் ஆகியவற்றோடு வியப்பூட்டும் வகையில் ஒத்துள்ளது. இளம் காவலன் ஒருவன் மழையிரவில் தன் வாளையே பறித்து மறைந்த கள்வனைப் பற்றிச் சொல்கிறான். செய்வதறியாது நிற்கும் அந்நேரத்தில் குடிவெறியில் இருந்த ஒருவன் வாளை வீசுகிறான்.

இங்கு இரண்டு செய்திகள் கருதத்தக்கவை. முதலாவது, அக்காவலர் ஒரே குரலினர் அல்லர். ஐயுறுவோனும், அஞ்சுவோனும், வெட்டுவோனும் தனித்தனி மாந்தர். அவலம் பிறப்பது அவர்களின் கொடுமையால் மட்டுமன்று, அவர்களின் தயக்கம் வெல்லாமற் போனதால். இரண்டாவது, வழக்குரை காதையில் வாயிலோன் கண்ணகியைத் தடுத்து வாளெடுப்பதில்லை. அவள் வரவை அரசனுக்கு அறிவிக்கிறான். ஒரே நகரில் காவலன் ஒருவன் உயிரைப் பறிக்கிறான். மற்றொருவன் முறையீட்டுக்கு வழிவிடுகிறான். இறுதியில் தவறு ஒப்புக்கொள்ளப்படுகிறது. மார்க்கார்த்தில் இல்லாதது அவ்வொப்புதலே.

காப்பியத்தையும் விளையாட்டையும் ஒரே தட்டில் நிறுத்துவது இவ்வொப்பீட்டின் கருத்தன்று. காப்பியத்தின் வாசகர் கோவலனைக் காக்க இயலாது. ஆட்டக்காரர் செயல்பட இயலும். செயல்பட இயலும் என்பதாலேயே எச்செயல்கள் அனுமதிக்கப்படுகின்றன என்னும் வினா கூர்மை பெறுகிறது. மேற்கண்ட ஆட்டங்களில் ஆட்டக்காரர் காவலனைக் கொல்லலாம், வாங்கலாம், மயக்கலாம், ஏய்க்கலாம், அவனுக்குப் பணியலாம். தான் குற்றமற்றவன் என்று அவனிடம் வாதிட்டு அவனைத் தயங்கவைக்கும் வாய்ப்புத்தான் மிக அரிது.

முடிவுரை

பகைக்கும் காவலர் வழியாக நோக்கும்போது, எல்டர் ஸ்க்ரோல்ஸ் உலகம் விரிவில் பெரியது, நீதியில் சிறியது. குற்றத்தை எண்ணாக்கியதால் அது எளிதில் இயங்குகிறது. அதே காரணத்தால் ஆட்டக்காரரிடம் எதையும் நெடுநாள் எஞ்சவிடுவதில்லை. கோதிக்கின் சிறு உலகம் கரடுமுரடானது. ஆனால் அடித்தவனும் அடிபட்டவனும் மறுநாள் முகம் பார்த்துப் பேச வேண்டிய உலகம் அது. மார்க்கார்த் கதையும் அவிடியஸ் கதையும் பெரிய உலகத்துக்குள்ளும் வேறு நீதி இயலும் என்பதற்குச் சான்றாகின்றன.

எல்லைச் சாவடியிலும் விமான நிலையத்திலும் சீருடையின் முன் நின்று தம்மை நிறுவிக்காட்ட நேர்ந்தவர்களின் பிள்ளைகள் இவ்விளையாட்டுகளை ஆடுகின்றனர். சீருடையாளனிடம் பேச முடியும், அவன் ஐயுறக்கூடும், அவன் தவறு திருத்தப்படும் என்பனவற்றை ஒரு கதை கற்பிக்கிறதா அன்றி விலையைக் கட்டிவிட்டு நகரக் கற்பிக்கிறதா என்பது அவர்களைப் பொறுத்தவரை வெறும் பொழுதுபோக்குச் செய்தியன்று. தமிழ்த் திறனாய்வு இவ்வடிவத்தின்பால் கருத்தூன்ற வேண்டியதற்கு இஃதொன்றே போதிய காரணமாகும்.