சபாபதி சபையைப் பார்க்கக் கூடாது

பம்மல் சம்பந்த முதலியாரின் ‘சபாபதி’ நாடகத்தில் சபாபதிகள் இரண்டு பேர். ஒருவர் பணக்கார வீட்டுப் பிள்ளை, படிப்பு ஏறாதவர். இன்னொருவன் அவருடைய வேலைக்காரன். பெயரும் ஒன்று, சமர்த்தும் ஏறக்குறைய ஒன்று. 1891இல் சென்னையில் சுகுண விலாச சபையைத் தொடங்கியவர் முதலியார். வக்கீலாகவும் பிறகு நீதிபதியாகவும் இருந்துகொண்டே அவர் எழுதிய இந்த நாடகம், ஒரு பாகத்தோடு நிற்காமல் அடுத்தடுத்த பாகங்களாக வளர்ந்தது. 1941 டிசம்பரில் ஏ.வி. மெய்யப்பன் இதைப் படமாகவும் கொண்டுவந்தார். அன்றிலிருந்து மேடையில் வேலைக்காரன் வேடம் கட்டுகிற எவரும் அந்தப் படத்தின் நிழலில்தான் நிற்க வேண்டியிருக்கிறது.

நெய்வேலி நகரியத்து அமெச்சூர் மேடையில் இந்த வேடத்துக்கென்றே பேர் வாங்கிய நடிகர் ஒருவர் இருக்கிறார். அவரைப் பற்றி ஓயாமல் சொல்லப்படும் குறை ஒன்றுதான்: மந்தம். முகத்தில் ஒன்றும் ஓடவில்லை, சிரிக்க வைக்க முயற்சியே இல்லை, படத்தில் இருந்த துறுதுறுப்பு எங்கே என்று கேட்கிறார்கள். இது முழுக்கத் தவறான வாசிப்பு. மந்தம் என்று தெரிவது அவர் தெரிந்தே எடுக்கும் முடிவு. வசனம் முடிந்ததும் சபையைப் பார்ப்பதா, எஜமானைப் பார்ப்பதா என்ற இடத்தில் அவர் எஜமானை மட்டுமே பார்க்கிறார்.

சோடா காட்சியை எடுத்துக்கொள்ளலாம். படத்தால் அது ஊரறிந்த காட்சி. சோடா உடைத்துக் கொண்டு வா என்கிறார் எஜமான். பாட்டிலையே உடைத்துவிடுகிறான் வேலைக்காரன். பெரும்பாலான நடிகர்கள் இந்த உத்தரவைக் கேட்டதும் ஒரு கணம் சபைப் பக்கம் திரும்பிக் கண்ணை உருட்டுவார்கள். அப்போதே ஒரு சிரிப்பு கிடைத்துவிடும். ஆனால் வரப்போவதைக் காட்டிக்கொடுத்தும் ஆயிற்று. பாட்டில் உடையும் சத்தத்துக்கு மிஞ்சுவது பாதிச் சிரிப்புதான். நெய்வேலி நடிகர் தலையை ஆட்டுகிறார், துண்டை இடுப்பில் இறுக்குகிறார், நல்ல வேலையாள் போகிற வேகத்தில் உள்ளே போகிறார். திரைக்குப் பின்னால் சாக்குக்குள் கட்டிய பாட்டிலின் மேல் சுத்தியல் விழும்வரை மேடையில் எஜமான் மட்டும் நிற்கிறார். அந்தச் சில விநாடிகள் காலியாக இருக்கின்றன என்பதுதான் விமர்சகர்களின் எரிச்சல். காட்சியின் உயிரே அந்தக் காலி இடத்தில்தான் இருக்கிறது. சத்தம் கேட்டதும் சபை பார்ப்பது எஜமானின் முகத்தை. அசடு யார் என்ற கேள்வி வேலைக்காரனிடமிருந்து எஜமானுக்குக் கைமாறுவது அங்கேதான். இருவருக்கும் ஒரே பெயர் வைத்த முதலியாரின் கணக்கும் அதுதான். வேலைக்காரன் கண்ணை உருட்டினால் அந்தக் கணக்கு கெட்டுவிடும். மிஞ்சுவது வெறும் கோமாளி வேடம்.

சினிமாவில் இந்த முடிவை எடுப்பது கேமரா. எந்த முகத்தை எப்போது காட்டுவது என்று வெட்டி ஒட்டும் மேசையில் தீர்ந்துவிடும். மேடையில் அதை நடிகரே செய்தாக வேண்டும், அதுவும் எந்தக் கூட்டம் வந்திருக்கிறது என்று பார்த்து. 1956இல் நிலக்கரி நிறுவனம் தொடங்கியதிலிருந்து பல மாவட்டங்களிலிருந்தும் பக்கத்து மாநிலங்களிலிருந்தும் வந்து சேர்ந்தவர்களின் ஊர் நெய்வேலி. அரங்கில் எல்லாருக்கும் ஒரே நேரத்தில் சிரிப்பு வருவதில்லை. முதல் அலை அடங்கும்போது இரண்டாவது எழும். அவசரக்கார நடிகர் இரண்டாவதின் மேல் அடுத்த வசனத்தைப் போட்டு அமுக்கிவிடுவார். (நைட் ஷிப்டுக்குப் போகிறவர்கள் கடிகாரத்தைப் பார்க்கிறார்கள் என்று இயக்குநர் திரைக்குப் பின்னால் கையைக் காட்டுவதும் உண்டு. அதற்கும் இந்த நடிகர் மசிவதில்லை.)

தான் சிரிப்புக்குரியவன் என்று தெரியாததுபோல் நடிக்க வேண்டிய இதே சிக்கலை வேறொரு மூலையில் சந்தித்த நாடகம் பெல்ஜியத்தில் உண்டு. ஃபோன்சன், விஷ்லே என்ற இருவர் சேர்ந்து எழுதி 1910இல் பிரஸ்ஸல்ஸில் அரங்கேறிய ‘பெலுமான்ஸ் பெண்ணின் கல்யாணம்’. மதுபானம் காய்ச்சும் பெலுமான்ஸின் வீட்டில் தொழில் பழக வருகிறான் பாரிஸ் பையன் ஒருவன். அவனுடைய பிரெஞ்சு வேறு, அந்த வீட்டின் பிரெஞ்சு வேறு. சிரிப்பெல்லாம் அந்த இடைவெளியில்தான். ஆனால் பெலுமான்ஸாக நடிப்பவர் தன் பேச்சு வேடிக்கையானது என்று தெரிந்ததுபோல் பேசினால் நாடகம் அந்த இடத்திலேயே படுத்துவிடும். 1927இல் ஜூலியன் டுவிவியே இதை ஊமைப் படமாகவே எடுத்தார் என்பது, பேச்சை நம்பிய ஒரு நாடகத்துக்கு வந்த விசித்திரமான சோதனை. தன் ஊரான மார்சேயின் பேச்சை வைத்து ‘மாரியுஸ்’ எழுதிய மார்செல் பஞ்ஞோல், உள்ளூர் நாடகம் எல்லா ஊருக்கும் போய்ச் சேரும் என்ற தைரியம் தனக்கு இந்த நாடகத்தைப் பார்த்துத்தான் வந்தது என்று எழுதியிருக்கிறார்.

நெய்வேலிக்கு இதில் ஒரு வழி இருக்கிறது. நகரியத்து வேலிக்கு வெளியே பேசப்படுவது நடுநாட்டுத் தமிழ். எழுத்தாளர் கண்மணி குணசேகரன் அதற்குத் தனியாக ஒரு சொல்லகராதியே தொகுத்திருக்கிறார். இன்னும் சில ஆண்டுகளில் இங்கே யாராவது ‘சபாபதி’யைத் திருப்பிப் போடுவார்கள்: எஜமான் வெளியூரிலிருந்து வந்த அதிகாரி, வேலைக்காரன் விருத்தாசலம் பக்கத்துக்காரன். அந்தப் பேச்சைக் கொச்சை என்று நினைத்து இழுத்துப் பேசும் நடிகர் தோற்பார். வீட்டில் பேசுகிறமாதிரி பேசுகிறவர் ஜெயிப்பார். வேடம் அந்த ‘மந்த’ நடிகருக்கே போக வேண்டும். ஒத்திகைக்கு முன்பே அவர் பெயரை அடித்துவிட ஆள் இருப்பார்கள் என்பதும் நிச்சயம்.

அதற்கு முன்னால் வேறொரு தழுவல் வந்துவிடும். வேலைக்காரனுக்குப் பதில், சொன்னதை அப்படியே செய்யும் கைப்பேசிக் குரல். கோலி சோடாவைப் பார்க்காத கல்லூரிப் பிள்ளைகள் போடப்போகிற நாடகம் அதுவாகத்தான் இருக்கும். முதல் காட்சியில் கைதட்டல் அள்ளும். இரண்டாவது காட்சியில் தொய்ந்துவிடும். அந்தக் குரலுக்குத் துண்டும் இல்லை, போய்விட்டு வர ஒரு வாசலும் இல்லை. அது பதில் சொல்வதற்குள் எஜமான் தனியாக நிற்க ஒரு விநாடிகூடக் கிடைக்காது. மூன்றாவது முறை போடும்போது அந்தக் குரலைத் தூக்கிவிட்டு ஒரு ஆளை நிறுத்துவார்கள்.