குப்பைக்கூடைக்கு இடமில்லாத வீடு

1951-இல் கட்டி முடிந்த ஃபார்ன்ஸ்வொர்த் வீட்டின் புகைப்படத்தைப் பார்த்தால் ஒருநாளாவது அங்கே தங்கத் தோன்றும். அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில், ஃபாக்ஸ் ஆற்றங்கரையில், வெள்ளை எஃகுத் தூண்கள் தாங்கும் ஒரே கூடம். நாற்புறமும் கண்ணாடி. சமையலறை, குளியலறைகள், கணப்பு எல்லாவற்றையும் நடுவில் ஒரு மரப்பெட்டிக்குள் அடக்கிவிட்டார் கட்டடக் கலைஞர் மீஸ் வான் டெர் ரோ.

இந்தச் சிக்கனத்தின் பலத்தை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். கனத்த திரைகளும் செதுக்கு வேலைப்பாடுமாக மூச்சுமுட்டிய பழைய வரவேற்பறைக்கு இது நல்ல மாற்று. தூசி படியும் இடுக்குகள் இல்லை, வெளிச்சத்துக்குக் குறைவில்லை. சுவரில் படம் மாட்டத் தேவையே இல்லாதபடி வெளியே மரங்கள் நிற்கின்றன.

ஆனால் குடியிருந்தவர் எடித் ஃபார்ன்ஸ்வொர்த், சிகாகோ மருத்துவர். 1953-இல் 'ஹவுஸ் பியூட்டிஃபுல்' இதழிடம் அவர் சொன்ன குறைகள் விமர்சகர்களின் கட்டுரைகளைவிடக் கூர்மையானவை. சாலையில் போகிறவர் கண்ணில் படும் என்பதால் பாத்திரம் கழுவும் தொட்டிக்கு அடியில் குப்பைக்கூடை வைக்கவில்லையாம். ஒரு துணி ஹேங்கரை மாட்டினாலும் வெளியிலிருந்து எப்படித் தெரியும் என்று யோசிக்க வேண்டியிருந்ததாம். துணிமணிக்கு அலமாரி பிறகுதான் வந்தது. ஒழுங்கை வரைந்தவர் மீஸ். அதை நாள்தோறும் காக்கிற வேலை எடித்தின் தலையில் விழுந்தது. வார இறுதி வீடுதானே என்று மீஸுக்காக வாதாடுவார்கள். வார இறுதியில் காப்பிச் சக்கை விழாதா என்ன?

எஃகையும் கண்ணாடியையும் குறை சொல்லிப் பயனில்லை. லாஸ் ஏஞ்சலிஸில் சார்லஸும் ரே ஈம்ஸும் 1949-இல் தங்களுக்கென்று கட்டிக்கொண்ட வீட்டிலும் அதே பொருள்கள்தான். அங்கே கண்ணாடிக்கு இடையிடையே அடைப்புப் பலகைகள் உண்டு. உள்ளே பொம்மை, கிளிஞ்சல், விரிப்பு, புத்தகம் என்று சேர்ந்துகொண்டே போனது. அந்தக் குவியலும் தானாக அமைந்ததல்ல, ரே பார்த்துப் பார்த்து அடுக்கியது. உழைப்பு குறைந்ததாகச் சொல்ல முடியாது. ஆனால் எதைக் காட்டுவது, எதை மறைப்பது என்ற முடிவு குடியிருந்தவர் கையில் இருந்தது. எடித்துக்கு அது கிடைக்கவில்லை.

அவர் கொசுத்தொல்லை தாளாமல் தாழ்வாரத்துக்கு வலையடித்தார். 1972-இல் வீட்டை வாங்கிய லண்டன் செல்வந்தர் பீட்டர் பாலம்போ அந்த வலையைக் கழற்றிவிட்டு ஏ.சி. பொருத்தினார். எப்போதாவது வந்து தங்கிப் போகிற அவருக்கு வீடு பொருந்திப்போனது.