மணிமுடியும் வீண்பழியும்

ரொட்டி கிடைக்காவிட்டால் கேக் தின்னட்டுமே என்று, பசியால் துடித்த மக்களைப் பார்த்துப் பிரெஞ்சு அரசி மேரி அன்டோனெட் எள்ளி நகையாடினாளாம். மேடைதோறும் முழங்குகிறோம், கைதட்டலும் பெறுகிறோம். சொன்னாளா? சான்று எங்கே?

சான்று கேட்கிறது ஒரு நூல். அன்டோனியா ஃபிரேசர் அம்மையார் 2001ஆம் ஆண்டு வெளியிட்ட அரசியின் வாழ்க்கை வரலாறு அது. முடியாட்சியை வெறுக்கும் நமக்கு ஓர் அரசியின் கதை எதற்கு என்று கேட்பீர்கள், தோழர்களே! எதையும் ஏன், எப்படி என்று கேட்கப் பழகியவர்கள், தமக்கு இனிக்கும் பொய்யையும் அப்படியே கேட்க வேண்டும்; அதற்காகத்தான்.

கேக் கதையைப் பாருங்கள். பெயர் குறிக்காமல் யாரோ ஓர் இளவரசி சொன்னதாக ரூசோ தம் வரலாற்றில் எழுதியது அது. அவர் அதை எழுதியபோது மேரி வியன்னாவில் வளர்ந்த சிறுமி. பிரான்சுக்கு மருமகளாக வந்தது 1770இல், 14ஆம் வயதில்!

வைர மாலை வழக்கு மற்றொன்று. அரசி வேண்டாமென மறுத்த மாலை. அவள் பெயரைச் சொல்லி வஞ்சகி ஒருத்தி கர்தினால் ரோஹனை ஏய்த்தாள்; இருட்டுத் தோட்டத்தில் வேறொரு பெண்ணை அரசியாக நடிக்கவும் வைத்தாள். 1786இல் கர்தினால் விடுதலை பெற்றார். பழியோ, மாலையைத் தொடாத அரசியின் தலையில்!

இவற்றை ஒவ்வொன்றாக எடுத்து, வழக்கறிஞர் போல் அலசுகிறார் ஆசிரியர். பாராட்டுகிறோம். ஆனால் அவர் பார்வை அரண்மனைச் சாளரத்தின் வழியாகவே வெளியே செல்கிறது. 1789 அக்டோபரில் பாரிசிலிருந்து வெர்சேல்ஸ் வரை ரொட்டி கேட்டு நடந்தார்களே ஆயிரக்கணக்கான ஏழைப் பெண்கள், அவர்கள் வீட்டு அடுப்பின் கதை எங்கே? 1792இல் பிரெஞ்சுப் படையின் திட்டங்களை அரசி ஆஸ்திரியாவுக்குத் தெரிவித்தாளே, அது துரோகம் அன்றோ! இரக்கம் எவ்வளவு சுரந்தாலும் அந்தக் கறை கழுவப்படாது.

அந்தக் குற்றம் போதாதா வழக்காட? போதவில்லையாம். 1793 அக்டோபரில், எட்டு வயது மகனையே கெடுத்தாள் என்று மன்றத்தில் கூசாமல் குற்றஞ்சாட்டினான் எபேர். அங்கிருந்த தாய்மார் அனைவரையும் நோக்கி முறையிட்டாள் அவள். அக்டோபர் 16இல் தலை உருண்டது. அப்போது வயது 37.

ஈட்டி அத்துடன் நின்றதா? இரண்டே வாரத்தில், அக்டோபர் 30இல், பெண்கள் அமைத்த அரசியல் மன்றங்கள் தடை செய்யப்பட்டன. நவம்பர் 3இல், பெண்ணுரிமைப் பிரகடனம் தீட்டிய ஒலாம்ப் டி கூஜ் கில்லட்டினுக்கு இரையானாள். 1791இல் அந்தப் பிரகடனத்தை அவள் யாருக்குக் காணிக்கையாக்கினாள் தெரியுமா? இதே அரசிக்கு! அரசியைப் பெண் என்று இழித்த நாக்கு, பெண்ணுரிமை பேசியவளையும் விட்டுவைக்கவில்லை.

மணிமுடியை வீழ்த்த ரொட்டியின் விலை ஒன்றே போதும். துரோகக் கடிதம் ஒன்றே போதும். படுக்கையறைப் பொய் எதற்கு? நூலைப் படியுங்கள், தோழர்களே! அடுத்த மேடையில் கேக் கதை நாவில் வந்தால், விழுங்கிவிட்டு உண்மையைச் சொல்லுங்கள்.