பீம்சிங்கின் இரண்டு அண்ணன்கள்

இயக்குநர் ஏ. பீம்சிங் என்றவுடன் கண்ணீரை நினைப்பவர் பலர். கிருஷ்ணன்–பஞ்சுவிடம் படத்தொகுப்புப் பயின்று, 1954இல் 'அம்மையப்பன்' வாயிலாக இயக்குநரானவர் அவர். 'பாகப்பிரிவினை' (1959), 'படிக்காத மேதை' (1960), 'பாவமன்னிப்பு' (1961) எனப் பகர வரிசையில் வெற்றிகள் தொடர்ந்தன. எழுத்தின் ராசி என்பர் சிலர். ராசியை நம்பியா மக்கள் கொட்டகைக்கு வந்தனர்?

அவ்வரிசையின் உச்சம் 'பாசமலர்' (1961). தங்கைக்காகவே வாழ்ந்த அண்ணன், அவள் பிரிவால் உருகி மடிகிறான். மிகை உண்டு, மறுப்பதற்கில்லை. ஆயினும் கடல் கடந்து சிப்பிகாட்டில் குடியேறி, உடன்பிறந்தாள் வீட்டுத் திருமணத்திற்குச் செல்லக் கப்பலை எதிர்நோக்கியிருந்த நம் குடும்பங்களுக்கு அது மிகையாகத் தோன்றியதில்லை.

திறனாய்வாளர் பலர் இவ்விடத்திலேயே நின்றுவிடுகின்றனர். 1977இல் வெளிவந்த 'சில நேரங்களில் சில மனிதர்கள்' படத்தை அவர்கள் பீம்சிங்கின் கணக்கில் சேர்ப்பதில்லை. ஜெயகாந்தனின் கணக்கில் எழுதிவிடுகின்றனர். கதையும் திரைக்கதையும் ஜெயகாந்தனுடையவை என்பது உண்மையே. எனினும் அதிலும் ஓர் அண்ணன் இருக்கிறான். மழை நாளில் முன்பின் அறியாத ஒருவனால் சீரழிக்கப்பட்டுத் திரும்பிய கல்லூரி மாணவி கங்காவை வீட்டைவிட்டு வெளியேற்றுபவன் அவனே. உடன்பிறப்புப் பாசத்தை வழிபடச் செய்த அதே இயக்குநர், குடும்ப மானத்தின் பெயரால் அப்பாசம் எத்துணை விரைவில் கதவடைக்கும் என்பதையும் காட்டினார். கங்காவாக நடித்த லட்சுமி தேசிய விருது பெற்றார்.

1978 ஜனவரியில் பீம்சிங் மறைந்தார். அவ்விரு படங்களையும் அடுத்தடுத்துக் காண்பவர், முந்தைய அண்ணனுக்காக முன்போலவே அழ இயலுமா என்பது ஐயமே.