‘வறட்டு’ என்னும் அடைமொழி: பொருளும் பிரயோகமும்

இலக்கியத் திறனாய்விலே பயிலும் கலைச்சொற்களை நாம் ஓரளவு ஆராய்ந்துள்ளோம். உருவம், உள்ளடக்கம், யதார்த்தம், அழகியல் முதலியன பற்றிக் கட்டுரைகள் பல எழுந்துள்ளன. ஆனால், கலைச்சொல் என்ற தகுதியைப் பெறாமலே தீர்ப்பு வழங்கும் அதிகாரத்தைப் பெற்றுவிட்ட அடைமொழிகள் சில உள. அவை ஆராயப்படுவதில்லை, அவற்றைக் கொண்டே பிறவற்றை ஆராய்கிறோம். ‘வறட்டு’ என்பது அத்தகையதோர் அடைமொழி. ‘வறட்டு நடை’, ‘வறட்டுப் பிரசாரம்’, ‘வறட்டு யதார்த்தம்’, ‘வறட்டு மார்க்சியம்’ எனப் பலவாறு இது வழங்குகிறது. ஒரு படைப்பை இச்சொல்லாற் சுட்டிவிட்டால் அதற்குமேல் நியாயங் கூறவேண்டிய அவசியமில்லை என்ற நிலை தோன்றியுள்ளது. இச்சொல்லின் பொருள் யாது, அது எவ்வாறு இலக்கியத்துக்கு வந்தது, எவருக்கு உதவியது என்பனவற்றை நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதலில் எழுத்தமைதி பற்றி ஒரு குறிப்பு. ‘வரட்டு’ என இடையின ரகரமிட்டு எழுதும் வழக்கும் பரவலாக உண்டு. இதனை வெறும் எழுத்துப் பிழை என்று ஒதுக்கிவிடலாகாது. வல்லின றகரத்தை இழந்தவுடன் இச்சொல் தன் உறவினங்களையும் இழந்துவிடுகிறது. வறம், வறட்சி, வறுமை, வறியோர், வறிது, வற்றல் என்பன யாவும் ஒரு குடும்பத்துச் சொற்கள். திருவள்ளுவர் வான்சிறப்பு அதிகாரத்தில் மழை பொய்த்தலை ‘வறத்தல்’ என்ற வினையாற் குறிப்பிடுகிறார். தொல்காப்பியர் உரியியலில் ‘வறிது’ என்பதற்குச் சிறிது என்று பொருள் கூறுகிறார். நீர் இல்லாமையும் பொருள் இல்லாமையும் ஒரே அடிச்சொல்லாற் சுட்டப்பட்டமை தற்செயலன்று. வேளாண்மையையே வாழ்வாகக் கொண்ட சமூகத்தில் மழை பொய்த்தலும் மிடிமையும் காரண காரியங்களாக நின்றன. ஆகவே, சுவையற்ற ஒன்றை ‘வறட்டு’ என்று நாம் கூறும்போது, பஞ்சத்தின் பெயரால் அதனைச் சுட்டுகிறோம் என்பது மனங்கொள்ளத்தக்கது.

இனி இலக்கண அமைதியை நோக்குவோம். ‘காடு’ என்பது ‘காட்டு’ என்றும், ‘முரடு’ என்பது ‘முரட்டு’ என்றும் திரிவது போல, ‘வறடு’ என்னும் பெயர் ஒற்று இரட்டித்து ‘வறட்டு’ என அடையாகிறது. வறடு என்பது மலட்டுத்தன்மையைக் குறிப்பது. ஈனாத பசுவை வறட்டுப் பசு என்பர். ஓர் உயிரின் மதிப்பை அது தரும் பயனைக் கொண்டே அளக்கும் பார்வை இச்சொல்லில் ஆதியிலிருந்தே உறைந்துள்ளது. ‘மலட்டு இலக்கியம்’ என்ற வசையும் இவ்வழி வந்ததே. பெண்ணுடலை விளைநிலமாகக் கண்ட சமுதாயத்தின் எச்சம் இவ்விரு சொற்களிலும் தங்கியிருப்பதை முற்போக்குத் திறனாய்வாளர் பலர் கவனித்ததாகத் தெரியவில்லை.

பேச்சு வழக்கிலே இவ்வடைமொழி எவற்றோடு சேர்ந்து வருகிறது என்பதும் நோக்கற்பாலது. வறட்டிருமல், வறட்டுக் கௌரவம், வறட்டுப் பிடிவாதம், வறட்டு வேதாந்தம் என்பன யாவரும் அறிந்த தொடர்கள். இவற்றுள் எதுவும் ‘சலிப்பூட்டுவது’ என்ற பொருளைத் தருவதில்லை. சளி வெளிவராத இருமல். பின்னாற் பொருள்வளம் இல்லாத கௌரவம். காரணம் இல்லாத பிடிவாதம். அனுபவம் இல்லாத தத்துவம். புறத்தே முயற்சி இருக்கிறது, அகத்தே விளைவு இல்லை என்பதே இவற்றின் பொதுத்தன்மை. எனவே, ‘வறட்டு’ என்பதன் மூலப்பொருள் மந்தம் அன்று. விளைவற்ற முயற்சி என்பதே அது. பரபரப்பு மிகுந்த ஒரு துப்பறியும் நாவலும் இப்பொருளில் வறட்டு நாவலாக இருத்தல் கூடும். மெதுவாக நகரும் ஒரு நாவல் அவ்வாறு இல்லாமலும் இருக்கலாம்.

அவ்வாறாயின், மந்தமானவற்றுக்குரிய அடைமொழியாக இது எவ்வாறு மாறிற்று? இதற்கு விடை இரசனை என்னும் கோட்பாட்டில் உள்ளது. வடமொழியில் ‘ரஸ’ என்பது சாறு என்னும் பொருளுடையது. அதுவே சுவைக்கும் கலையனுபவத்துக்கும் பெயராயிற்று. சாறற்றது நீரசம், சுவை கெட்டது விரசம். தமிழ் எழுத்திலே நீரசம் அருகி வழங்க, விரசம் ஆபாசம் என்ற பொருளுக்கு நகர்ந்துவிட்டது. சாறின்மையைக் குறிக்க வெற்றிடமாகிப் போன அவ்விடத்தை ‘வறட்டு’ நிரப்பியது என்று நாம் கருதுகிறோம். ரசிகமணி டி. கே. சிதம்பரநாத முதலியாரைப் (1882–1954) போன்றோரால் வளர்ந்த இரசனை முறைத் திறனாய்வு செல்வாக்குற்ற சூழலில், சாறு உண்டா, இல்லையா என்பதே முதன்மையான வினாவாயிற்று.

இங்கு ஒரு வேறுபாட்டை அழுத்திக் கூற விரும்புகிறோம். ‘அலுப்பு’, ‘சலிப்பு’ என்பன வாசகரின் நிலையைக் குறிப்பவை. ‘இக்கதை எனக்கு அலுப்பாயிருக்கிறது’ என்பவர் தம்மையும் அக்கூற்றில் வைத்துப் பேசுகிறார். அவர் யார், எவ்வகை வாசிப்பிற் பழகியவர், அவருக்கு ஏன் அலுத்தது என்று நாம் வினவலாம். ‘இது வறட்டுக் கதை’ என்பவரோ தம்மை மறைத்துக்கொள்கிறார். வாசகருக்கும் நூலுக்குமிடையே நிகழ்ந்த ஒன்று, நூலின் பிறவிக் குணமாக மாற்றப்படுகிறது. மட்டக்களப்பிலும் வன்னியிலும் பாடப்பட்ட அருவிவெட்டுப் பாடல்களிலே ஒரே அடி மீண்டும் மீண்டும் வருவதுண்டு. ஏட்டிற் படிப்பவருக்கு அது சலிப்பைத் தரலாம். கதிரை அரிந்தவருக்கு அந்த மீள்வரவே மூச்சாகவும் தாளமாகவும் இருந்தது. வறட்சி பாடலில் உள்ளதா, வயலை அறியாத செவியில் உள்ளதா?

ஈழத்து இலக்கிய வரலாற்றிலே இவ்வினா வெறும் சொல்லாராய்ச்சியாக இருந்ததில்லை. 1950களின் பிற்பகுதி தொடக்கம், அதுவரை இலக்கியத்துள் இடம்பெறாத மக்கள் தம் வாழ்வோடும் மொழியோடும் உட்புகுந்தனர். 1960களின் முற்பகுதியில் எழுந்த மரபுப் போராட்டத்தில் அம்மொழி ‘இழிசனர் வழக்கு’ என்று பழிக்கப்பட்டது. அவ்வசை நெடுநாள் நிலைக்கவில்லை. அதன் சாதிமுகம் வெளிப்படையாக இருந்தமையே காரணம். ‘வறட்டு’ என்ற அடைமொழியோ நிலைத்தது. அதன் முகம் அழகியலின் முகமாக இருந்தது. எல்லாரும் தீய நோக்குடன் இதனைக் கையாண்டனர் என்பது எமது கருத்தன்று. முற்போக்கு எழுத்தின் குறைகளை உள்ளன்போடு சுட்டியவர்களும் இருந்தனர். எனினும், கிணற்றில் நீரள்ளும் உரிமை மறுக்கப்பட்ட மக்களின் கதைகளை ‘வறட்டு’ என்று சொல்வதிலுள்ள கொடிய முரணை எவரும் எண்ணிப் பார்க்கவில்லை. டொமினிக் ஜீவாவின் தொகுதியொன்றின் பெயர் ‘தண்ணீரும் கண்ணீரும்’, கே. டானியலின் நாவலொன்றின் பெயர் ‘தண்ணீர்’. நீரே பிரச்சினையாக இருந்தவர்களின் எழுத்திலே நீர்மை இல்லை என்று குறை கூறப்பட்டது.

மறுபுறத்தில், முற்போக்காளரும் இச்சொல்லைத் தமக்குள்ளே வீசிக்கொண்டனர். 1960களில் சர்வதேசப் பொதுவுடைமை இயக்கம் பிளவுண்டபோது ஒரு சாரார் மறுசாராரைத் திரிபுவாதிகள் என்றனர். மறுசாரார் இவர்களை வறட்டுவாதிகள் என்றனர். சூத்திரங்களை நிலைமைகளுக்கேற்பப் பிரயோகியாது ஒப்புவித்தலையே வறட்டுவாதம் என்னும் சொல் சுட்டியது. விளைவற்ற முயற்சி என்னும் மூலப்பொருளுக்கு இப்பிரயோகம் அண்மையில் நிற்கிறது எனலாம். ஆயினும், இயக்கத்துக்குள்ளே பொருளுடன் வழங்கிய இச்சொல், வெளியே அவ்வியக்கத்தையே நிராகரிக்கும் கருவியாயிற்று. ‘வறட்டு மார்க்சியம்’ என்ற தொடரில் அடை எங்கே முடிகிறது, பெயர் எங்கே தொடங்குகிறது என்பதே தெரியாத நிலை உருவாயிற்று.

அவ்வாறாயின் இச்சொல்லைக் கைவிட்டுவிடலாமா? அது தீர்வாகாது. வறட்சி என்ற ஒன்று இலக்கியத்தில் உண்மையாகவே உண்டு. அதனை அளக்கும் கோல் எது என்பதே பிரச்சினை. பழந்தமிழ் மரபில் இதற்கு இரு தடயங்கள் கிடைக்கின்றன.

முதலாவது, பொருள் பற்றியது. எப்பொருளும் தன்னளவில் வறண்டதன்று என்பதை நமது கவிதையியல் தெளிவாக உணர்ந்திருந்தது. தொல்காப்பியர் இளிவரல் என்னும் மெய்ப்பாட்டுக்கு மூப்பு, பிணி, வருத்தம், மென்மை ஆகியவற்றை நிலைக்களங்களாகக் கூறுகிறார். இன்பந் தராதவை என்று ஒதுக்கத்தக்கவையே அங்கு கவிதையின் நிலைக்களங்களாகின்றன. அதனினும் வியப்பு, பாலைத்திணை. அகநானூற்றின் நானூறு பாடல்களிற் சரிபாதியான இருநூறு பாடல்கள் பாலைக்குரியவை. நீரற்ற நிலத்தைப் பாடியவை தமிழின் ஈரம் மிகுந்த பாடல்களாக உள்ளன. நம் காலத்திலும் மஹாகவி (1927–1971) ‘ஒரு சாதாரண மனிதனது சரித்திரம்’ என்று தம் காவியத்துக்குப் பெயரிட்டார். சாதாரணம் என்பது சரித்திரமாவதற்குத் தகுதியுடையது என்ற பிரகடனம் அப்பெயரிலேயே உள்ளது.

இரண்டாவது தடயம், ‘ஈரம்’ என்னும் சொல். தமிழில் ஈரம் நீரையும் குறிக்கும், அன்பையும் குறிக்கும். அன்பில்லாத வாழ்க்கையை வள்ளுவர் வன்னிலத்தில் நின்ற வற்றல் மரம் தளிர்ப்பதற்கு ஒப்பிட்டார். இங்கு வறட்சிக்கு எதிர்ச்சொல் சுவை அன்று, அன்பு. ரசத்தின் இன்மை என்று கொண்டால் வறட்சி வாசகரின் நுகர்ச்சியோடு தொடர்புடையதாகிறது. ஈரத்தின் இன்மை என்று கொண்டால் அது எழுத்தாளர் தம் மாந்தர்மீது கொண்ட உறவோடு தொடர்புடையதாகிறது.

இவ்வளவுகோலை முதலில் நம்மீதே பிரயோகிக்க வேண்டும். முற்போக்கு எழுத்து என்ற பெயரில் வெளிவந்த கதைகளுள், தொழிலாளி ஒரு கொள்கையை நிரூபிப்பதற்காக மாத்திரம் பிறந்து, நிரூபித்தவுடன் மறைந்துவிடும் கதைகள் பல. அவனுக்கு முகமில்லை, அவன் மனைவிக்குப் பெயருமில்லை. இத்தகையவற்றை வறட்டு என்று கூற நாம் தயங்க வேண்டியதில்லை. அவற்றின் குறை அரசியல் மிகுந்தமை அன்று. எந்த மக்களுக்காக எழுதப்பட்டனவோ அந்த மக்கள்மீது ஈரம் குறைந்தமையே. இதே கோலினால் அளக்கும்போது, உவமைகளும் படிமங்களும் பொங்கி வழியும் தூய அழகியல் எழுத்துகளிலும் பல வறட்டு எழுத்துகளாவதைக் காணலாம். நமது பல்கலைக்கழக ஆய்வுக் கட்டுரைகளும் இதற்கு விலக்கல்ல. எளிமை வேறு, வறட்சி வேறு. ஆறுமுக நாவலரின் (1822–1879) பாலபாட நடையில் அணிகள் இல்லை. ஆயின், கற்கும் பிள்ளைக்கு விளங்கவேண்டும் என்ற அக்கறை ஒவ்வொரு வாக்கியத்திலும் உண்டு.

முடிவாக ஒரு சொல் வேறுபாட்டைப் பிரேரிக்க விரும்புகிறோம். ‘வறட்டு’ என்பது பெயரடியாகப் பிறந்த அடை, அதற்குக் காலமில்லை. ‘வறண்ட’ என்பது இறந்தகாலப் பெயரெச்சம். முன்பு ஈரமாயிருந்து பின்னர் வறண்டது என்னும் வரலாறு அதனுள் அடங்கியுள்ளது. சிலப்பதிகாரம் பாலையைத் தனி நிலமாகக் கூறவில்லை. முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு கெட்டு அவ்வடிவங் கொள்ளும் என்கிறது. நமது புவியியலாளரும் ஆண்டுக்கு 1,750 மில்லிமீற்றருக்குக் குறைவாக மழை பெறும், இலங்கையின் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கான பகுதியை ‘உலர் வலயம்’ என்கின்றனரேயன்றி ‘வறட்டு வலயம்’ என்பதில்லை. அவ்வலயத்திலேதான் குளங்கள் கட்டப்பட்டன, நெல் விளைந்தது. அணைகள் உடைந்து குளங்கள் தூர்ந்தபோது காடு மூடியது. வறட்சிக்கு இயற்கையோடு மனித வரலாறும் காரணமாயிற்று.

‘வறட்டுக் கதை’ என்பதோடு திறனாய்வு முடிந்துவிடுகிறது. ‘வறண்ட கதை’ என்றால், எப்போது, எதனால் வறண்டது என்ற வினாக்களோடு அது தொடங்குகிறது. எழுத்தாளரின் அனுபவக் குறைவா, இயக்கத்தின் அவசரமா, வாசகரின் பழக்கமா என்று தேட வேண்டியுள்ளது. தீர்ப்புக் கூறுவதிலும் காரணம் தேடுவது கடினமான பணி. அப்பணியைச் செய்ய விரும்பாத திறனாய்வையே, சொல்லின் மூலப்பொருள் பிசகாமல், நாம் வறட்டுத் திறனாய்வு என்கிறோம்.